பாதி டிக்கெட் செல்லும்

இலங்கை அட்டனிலிருந்து கிளம்பி, கடல் தாண்டி, மலை ஏறி, மறுபடியும் தேயிலைக்கே வந்து சேர்ந்தேன். பிறந்ததிலிருந்து பார்த்துச் சலித்த அதே பச்சை, அதே சரிவு, அதே தகரக் கூரை. இதற்கா பாஸ்போர்ட் எடுத்தோம் என்று எரிச்சலாக இருந்தது.

எரிச்சல் தீருவதற்குள் பஸ் நின்றுவிட்டது. கூடலூரிலிருந்து பந்தலூர்ப் பக்கம் போகிற பஸ். ஏற்றத்தில் முனகி, ஒருமுறை குலுங்கி, அப்படியே அடங்கிப்போனது. ஆண்கள் இறங்கித் தள்ள வேண்டும் என்றார் கண்டக்டர். எங்கள் ஊரிலும் பஸ் நிற்கும். ஆனால் அங்கே அரசாங்கத்தை ஒரு பாட்டம் திட்டிவிட்டுத்தான் கை வைப்பார்கள். இங்கே சிரித்துக்கொண்டே இறங்கினார்கள். எல்லார் வாயிலும் ஞாயிற்றுக்கிழமை நடக்கப்போகும் பந்தாட்ட பைனல்தான். பஸ்ஸைத் தள்ளும்போதும் யார் கோல் போடுவார்கள் என்ற சண்டை ஓயவில்லை.

என் பக்கத்தில் இருந்தவர் தேவாலாவில் கொஞ்சம் தேயிலை வைத்திருப்பவர். வயதானவர் என்பதால் தள்ளப் போகவில்லை. நான் இலங்கை என்று தெரிந்ததும் முகம் மாறிவிட்டது. "உங்க ஊர்த் தூள் வந்து எறங்கினதுலதானுங்க எங்க பச்சை இலைக்கு வெலையே இல்லாமப் போச்சு" என்றார், நானே மூட்டை கட்டி அனுப்பியதைப் போல. எங்கள் ஊரில் இதே பேச்சை கென்யாவின் மேல் சொல்கிறார்கள் என்றேன். கென்யாக்காரன் யாரைத் திட்டுகிறானோ தெரியவில்லை. அவர் பையிலிருந்து ஒரு ஆரஞ்சுப்பழம் எடுத்துக் கொடுத்தார்.

நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். அட்டனில் தையற்கடை வைத்திருக்கிறேன். பள்ளிச் சீருடை, ஜாக்கெட், விளையாட்டுக் கழகங்களுக்கு ஜெர்சி. என் அக்கா பாக்கியம் புதுப்பெண்ணாக, அத்தான் குடும்பத்தோடு, இரண்டு அரசாங்கங்கள் போட்ட ஒப்பந்தப்படி இந்தியாவுக்குக் கப்பலேறியபோது நான் பாவாடை கட்டிய பிள்ளை. எங்களுக்கு இலங்கைக் குடியுரிமை கிடைத்தது, நாங்கள் அங்கேயே நின்றோம். அதற்குப் பிறகு கடிதம், பிறகு போன், அவ்வளவுதான். அவள் மகன் சேகர் பந்து விளையாடிக் குடும்பத்தைக் காப்பாற்றுகிறான் என்று போனில் சொன்னபோது நான் நம்பவில்லை. எங்கள் ஊரில் பந்து விளையாடுகிறவனை அவன் வீடுதான் காப்பாற்றும்.

எஸ்டேட்டின் பெயரைச் சொல்ல மாட்டேன். அக்கா இன்னும் அங்கேதான் இருக்கிறாள்.

நாங்கள் லயம் என்று சொல்கிற தொழிலாளர் வரிசைவீட்டை இங்கே லைன் என்கிறார்கள், மலையாளம் கலந்தவர்கள் பாடி என்கிறார்கள். பெயர் எதுவானாலும் சுவர் ஒன்றுதான். அக்கா வாசலில் நின்றாள். அம்மாவே வந்து நிற்பதுபோல் இருந்தது. இரண்டு பேரும் கட்டிப்பிடித்து அழுது முடித்ததும் அவள் கேட்ட முதல் கேள்வி, மாசிக் கருவாடு கொண்டுவந்தியா என்பதுதான். கொண்டுவந்திருந்தேன். பொட்டலத்தைப் பிரித்து மூக்கில் வைத்துக்கொண்டு சுவரோரம் உட்கார்ந்துவிட்டாள். அன்று மத்தியானம் ரேஷன் அரிசிச் சோற்றுக்கு அந்த மாசியை இடித்துப்போட்டுச் சம்பல் அரைத்தோம்.

தேயிலை விலை விழுந்ததும் கம்பெனி சம்பளத்தை நிறுத்தியது. பிறகு துரை லீவில் போனார், திரும்பவில்லை. பேக்டரிச் சங்கு ஊதுவதில்லை. அத்தான் திருப்பூருக்கு பனியன் கம்பெனி வேலைக்குப் போய்விட்டார். டிஸ்பென்சரி வாசலில் யாரோ ஆடு கட்டியிருந்தார்கள். எஸ்டேட் ஆம்புலன்ஸ் சக்கரம் இல்லாமல் நான்கு கல்லின் மேல் நின்றது, உள்ளே கோழி அடைகாத்தது. பெண்கள் தாங்களாகவே மலைக்குப் போய்க் கொழுந்து எடுத்து, வருகிற லாரிக்குப் போட்டு, அதில் கிடைப்பதைப் பங்கிட்டுக்கொள்கிறார்கள்.

மறுநாள் நானும் அக்காவோடு மலைக்குப் போனேன். விரட்டக் கங்காணி இல்லை, எழுதக் கணக்கப்பிள்ளை இல்லை. ஆனாலும் ஆளுக்கொரு செடிநிரை பிடித்து, ஒரே வரிசையாகத்தான் எடுத்தார்கள். நடுவில் ஒருத்தி தலைசுற்றி உட்கார்ந்தாள். இரண்டு பேர் அவளைத் தூக்கி ரோட்டோரம் நிழலில் படுக்கவைத்தார்கள். பக்கத்து நிரைக்காரி அவள் கூடையைக் கழற்றித் தன் தலையில் மாட்டிக்கொண்டு அந்த நிரையையும் சேர்த்து எடுத்தாள். ஒரு கைகூட நிற்கவில்லை. எங்கள் ஊரிலும் இதே வழக்கம்தான். யாருமில்லாத தோட்டத்தில் எதற்கு இந்த அவசரம் என்று அக்காவிடம் கேட்டேன். நிரை நிற்கக்கூடாது, நின்றால் இன்னொருத்தி தலையில்தான் விழும் என்றாள். அதைச் சொல்லும்போது அவளுக்கு ஒரு பெருமை இருந்தது.

சனிக்கிழமை சேகர் வந்தான். வாசலை அடைத்துக்கொண்டு நின்றான், அவ்வளவு உயரம். ஒரு பக்கத்துக்கு ஏழு பேர் ஆடுகிற ஆட்டம் அது. மலப்புறம் பக்கத்தில் அதற்கென்றே டீம்கள் உண்டு, ஆட்டக்காரனுக்கு ஆட்டத்துக்கு இவ்வளவு என்று கூலி. சீசனில் இன்று ஒரு ஊர், நாளை ஒரு ஊர் என்று ஜீப்பிலேயே தூங்கி ஜீப்பிலேயே விழிப்பார்களாம். ஒருநாள் வரவில்லை என்றால் அந்த இடத்தில் வேறு ஆள் நிற்பான். இந்த முறை பைனல் அவன் பிறந்த எஸ்டேட் மைதானத்திலேயே. அந்தச் சந்தோஷத்தில் பரோட்டாவும் மாட்டிறைச்சியும் கட்டிக்கொண்டு வந்திருந்தான். எங்கள் ஊர் ரொட்டி இதைவிடக் கடினம் என்று சொன்னேன். அப்படியானால் பல் எல்லாம் எப்படி இருக்கிறது சின்னம்மா என்று என் வாயைப் பார்க்க வந்தான்.

ஜெர்சியைக் காட்டினான். ஏதோ ஜவுளிக்கடை உபயம், முதுகில் அதன் பெயர் கொட்டை எழுத்தில். வழுக்குத் துணி, ஒற்றைத் தையல், கையைத் தூக்கினால் அக்குள் விட்டுவிடும். நான் தைத்திருந்தால் இப்படி இருக்காது என்றேன். கடைக்காரர் சரியாக ஏழுதான் கொடுத்தாராம். மாற்று ஆட்டக்காரன் இறங்கினால், வெளியே வருகிறவன் கழற்றிக் கொடுக்க வேண்டும், இவன் போட்டுக்கொள்ள வேண்டும். படியேறி வந்ததில் நெஞ்சு படபடவென்று அடிக்கிறது என்று இடையில் ஒருமுறை சொன்னான். வாயுவாக இருக்கும் என்று அக்கா ஓமத்தண்ணீர் போட்டுக்கொடுத்தாள். குடித்துவிட்டுச் சரியாகிவிட்டது என்றான்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானமே கூட்டம் வந்துவிட்டது. எங்கிருந்து வந்தார்கள், இத்தனை ஜீப் எங்கே இருந்தது என்று தெரியவில்லை. மைதானத்துக்கு வருவது ஒற்றை ரோடு. ஒரு பக்கம் மண்சுவர், மறுபக்கம் பள்ளம். அந்த ரோட்டில் முன்னும் பின்னும் இடமில்லாமல் வண்டிகளை நிறுத்திவிட்டு இறங்கி வந்தார்கள். கமுகு மரத்தை வெட்டி நட்டுக் கேலரி கட்டியிருந்தார்கள். கயிற்றுக்கு வெளியே பரோட்டாக் கடை, ஆம்லெட் கடை, கடலை. அக்காவும் ஒரு அண்டாவில் கப்பை என்கிற மரவள்ளிக்கிழங்கு அவித்து, மிளகாய்ச் சம்பலோடு கடை போட்டிருந்தாள். நான் பிடிவாதமாக டிக்கெட் வாங்கினேன். மருமகன் ஆட்டத்தை ஓசியில் பார்ப்பது கௌரவமா என்ன? வாசலில் பாதியைக் கிழித்துக்கொண்டு மீதியைக் கொடுத்தார்கள்.

கமிட்டித் தலைவர் கந்தசாமி பஜாரில் மளிகைக்கடை வைத்திருப்பவர். அவர் அப்பா காலத்தில் பொள்ளாச்சிப் பக்கமிருந்து மலையேறிய குடும்பம். வெள்ளைச் சட்டை, கும்பிட்ட கை. தேயிலை படுத்ததிலிருந்து பஜார் படுத்துவிட்டது, இந்த ஒரு ஆட்டத்தால்தான் கடைத்தெருவுக்கு உயிர் வருகிறது என்று என்னிடம் சொன்னார். பொய்யில்லை. மைக்கில் ஒருவர் நிறுத்தாமல் பேசிக்கொண்டிருந்தார். பந்து உதைபடும்போது பந்தைப் பற்றி, பந்து நிற்கும்போது நகைக்கடையைப் பற்றி.

சேகர் ஓடியதைப் பார்த்தேன். வீட்டில் தலை குனிந்து நடந்தவன், அங்கே வேறு ஆள். அவன் பெயரைச் சொல்லிக் கேலரி கத்தியபோது நானும் சேர்ந்து கத்தினேன். இரண்டாம் பாதியில் பந்து தூரத்துக் கோலுக்கு அருகே இருந்தது. இவன் நடுவில் சும்மா நின்றான். யாரும் தொடவில்லை. முழங்கால் போட்டான், பிறகு முகங்குப்புற விழுந்தான்.

ரெப்ரி விசில் ஊதினார். எஸ்டேட் ஆண்கள் இரண்டு பேர் உள்ளே ஓடி, அவனைத் தூக்கிக்கொண்டு வந்து, கோட்டுக்கு வெளியே மரநிழலில் படுக்கவைத்தார்கள். மலையில் பார்த்த அதே தூக்கல், அதே நிழல். வெயில் மயக்கம் என்றார்கள். முகத்தில் சோடா அடித்தார்கள். விசில் மறுபடியும் கேட்டது. திரும்பிப் பார்த்தால் ஆட்டம் தொடங்கிவிட்டது. ஆறு பேர் ஆடிக்கொண்டிருந்தார்கள்.

ஏழாவது ஆள் எங்கள் பக்கத்தில்தான் நின்றான். அன்வர் என்று பெயர், மாற்று ஆட்டக்காரன். டீம் மேனேஜர் குனிந்து, சேகரின் ஜெர்சியைக் கீழிருந்து சுருட்டித் தலைவழியே உருவப் பார்த்தார். கண் மூடிக் கிடந்தவனின் கை இரண்டும் தூக்கித் தூக்கி விழுந்தன. பக்கத்து லைனில் சுதா என்று ஒரு பெண், பெங்களூரில் நர்ஸ் படிப்பவள், லீவுக்கு வந்திருந்தாள். அவள்தான் மேனேஜரைப் பிடித்துத் தள்ளினாள். கழுத்தில் விரல் வைத்துப் பார்த்தாள். பிறகு நெஞ்சின் மேல் இரண்டு கையையும் வைத்து அமுக்கத் தொடங்கினாள்.

"இது மயக்கம் இல்லீங்க அக்கா. இருதயம். இப்பவே வண்டி வேணும்" என்றாள் என்னிடம். அமுக்குவதை நிறுத்தவில்லை.

டீம் வந்த சுமோ நின்றது. டிரைவர் கேலரியில் எங்கோ. அவனைக் கண்டுபிடித்தாலும் அதற்கு முன்னால் ரோடு நிறைய ஜீப். ஒவ்வொன்றுக்கும் ஒரு டிரைவர், ஒவ்வொருவனும் ஆட்டத்துக்குள். நான் மைக் மேசைக்கு ஓடினேன். ஆட்டத்தை நிறுத்தி வண்டிகளை எடுக்கச் சொல்லுங்கள் என்று கந்தசாமியிடம் கெஞ்சினேன். அவர் எழுந்து நின்று கும்பிட்டார்.

"கொஞ்சம் பொறுங்க அம்மிணி. இன்னுங் கொஞ்ச நேரந்தானுங்க. ஆட்டம் முடிஞ்சா வண்டியெல்லாம் தானா கெளம்பிரும். இப்ப நிறுத்துனா இந்தக் கூட்டம் கேலரிக்கு நெருப்பு வெச்சுருமுங்க."

அவர் குரலில் கோபமே இல்லை. அதுதான் இன்றைக்கும் எனக்கு ஆறவில்லை. மைக்கில் பேசியவர் நகைக்கடை விளம்பரத்துக்குப் போய்விட்டார்.

நான் திரும்பியபோது அக்கா வந்திருந்தாள். கையில் கிழங்கு மாவு ஒட்டியிருந்தது. மகன் காலைத் தொட்டுப் பார்த்தாள். கந்தசாமி சொன்னதைச் சொன்னேன். அவள் ரோட்டைப் பார்த்தாள், மைதானத்தைப் பார்த்தாள், கயிற்றைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனாள்.

நடந்துதான் போனாள். ஆட்டக்காரர்கள் அவளைச் சுற்றிக்கொண்டு ஓடினார்கள். பந்து அவள் பக்கம் உருண்டபோது குனிந்து எடுத்தாள். எடுத்த இடத்திலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்து, பந்தை மடியில் வைத்து முந்தானையால் மூடிக்கொண்டாள். கேலரி ஊளையிட்டது. தண்ணீர் பாக்கெட் ஒன்று வந்து அவள் தோளில் பட்டு உடைந்தது. மைக் மேசையிலிருந்து யாரோ இன்னொரு பந்தை உள்ளே உருட்டிவிட்டார்கள். அதை உதைத்துக்கொண்டு ஓடவும் செய்தார்கள், அவளை விட்டு விலகி.

அப்போதுதான் மற்றப் பெண்கள் இறங்கினார்கள். கடை போட்டவர்கள், வேடிக்கை பார்த்தவர்கள், மலையில் நான் பார்த்த நிரைக்காரிகள் எல்லாரும். யாரும் கத்தவில்லை. ஆளுக்கொரு இடமாக, மைதானம் முழுக்கப் பரவி உட்கார்ந்தார்கள். வேலையை நிறுத்த அவர்களுக்குத் தெரிந்த ஒரே வழி அது. இரண்டாவது பந்து ஒரு கிழவியின் முதுகில் இடித்து நின்றது.

கந்தசாமி வேட்டியை மடித்துக்கொண்டு அக்காவிடம் வந்தார். "ஏனுங்கம்மா, பந்தைக் குடுங்க. பேசிக்கலாமுங்க."

"ரோட்டுல நிக்கிற வண்டிய எடுக்கச் சொல்லுங்க. அப்பொறம் பந்து" என்றாள் அக்கா.

மைக்கில் அவரே பேசினார். மனிதாபிமான அடிப்படையில் ஆட்டம் அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்கு ஒத்திவைக்கப்படுகிறது, கையிலிருக்கும் பாதி டிக்கெட் அன்றைக்கும் செல்லும், பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். இதை இரண்டு தடவை சொன்னார். அதற்கு அப்புறம்தான் வண்டிகளை எடுக்கச் சொன்னார்.

சுமோவில் ஏற்றினோம். சுதா அமுக்கிக்கொண்டே ஏறினாள், வழியில் எங்கோ ஓர் இடத்தில் மூச்சு வருகிறது என்றாள். ஆனால் அதற்கு முன்னால், வண்டி திரும்பும்போது, ஜன்னல் வழியாக நான் ஒன்றைப் பார்த்தேன். கமிட்டி ஆள் ஒருவன் வாளியோடு வந்து, அக்கா உட்கார்ந்திருந்த இடத்தில் சுண்ணாம்புப் பொடியால் வட்டம் போட்டுக்கொண்டிருந்தான். ஆட்டம் நின்ற இடம். அடுத்த வாரம் அங்கிருந்துதான் பந்தைப் போட வேண்டும்.

முதலில் போன ஆஸ்பத்திரியில் இங்கே முடியாது என்றார்கள். எல்லை தாண்டிக் கேரளாப் பக்கம் போனோம். செக்போஸ்ட்டில் ஒரு மரலாரி குறுக்கே நின்றது. எங்கள் டிரைவர் இறங்கி மலையாளத்தில் போட்ட சத்தத்தில் லாரி பின்னால் போனது. அந்த டிரைவரை நான் குறை சொல்ல மாட்டேன். அவன் வண்டி ஓட்டியபோது ஆட்டத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

கேரள ஆஸ்பத்திரியில் ஒரு நர்ஸ் வந்து கத்தரிக்கோலால் ஜெர்சியைக் கழுத்திலிருந்து கீழ்விளிம்பு வரை ஒரே வெட்டாக வெட்டினாள். நேராக வெட்டுகிறாள் என்று எனக்குத் தோன்றியது. அந்த நேரத்தில் போய் இதைக் கவனிக்கிறோமே என்று வெட்கமாக இருந்தது. ஜெர்சியைச் சுருட்டி ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு என் கையில் கொடுத்தார்கள். அதை நான் இராப்பகலாகக் கையிலேயே வைத்திருந்தேன்.

பிழைத்துக்கொண்டான். அதை முதலிலேயே சொல்லியிருக்கலாம், ஆனால் எங்களுக்கு யாரும் முதலிலேயே சொல்லவில்லை. செவ்வாய்க்கிழமை கண் விழித்துப் பேசினான். டாக்டர் மலையாளம் கலந்த தமிழில் நிதானமாக விளக்கினார். பிறந்ததிலிருந்தே இருதயத் தசை தடித்து வளர்ந்திருக்கிறது. இதோடு இத்தனை வருடம் ஓடியதே ஆச்சரியம். "இனி ஓடான் பாடில்லா. பாரமும் எடுக்கண்டா" என்றார்.

ஓடக்கூடாது என்பதை அக்கா எதிர்பார்த்திருந்தாள் போலிருக்கிறது. பாரம் என்றதும்தான் நிமிர்ந்தாள். கொழுந்து மூட்டையுமா என்று கேட்டாள். டாக்டருக்குப் புரியவில்லை. நான் விளக்கினேன். அதுவும்தான் என்றார்.

ஆஸ்பத்திரிக் கான்டீனில் கஞ்சியும் பயறும் கொடுத்தார்கள். நன்றாகவே இருந்தது, அதற்காகவும் கோபம் வந்தது. அட்டன் ஆஸ்பத்திரியில் கொடுக்கும் சோற்றைத் திட்டவாவது செய்யலாம். பக்கத்துக் கட்டிலுக்கு வந்த ஒருவர் நாங்கள் எந்த ஊர் என்று விசாரித்தார். சொன்னதும் சட்டைப்பையிலிருந்து பாதி டிக்கெட்டை எடுத்துக் காட்டி, ஆட்டம் வருகிற ஞாயிறு உறுதிதானே என்று கேட்டார். கட்டிலில் படுத்திருப்பது யார் என்று அவருக்குத் தெரியாது. சேகர் உறுதிதான் என்று பதில் சொன்னான்.

வியாழக்கிழமை விட்டுவிட்டார்கள். பெரிய ஊருக்குப் போய் இன்னும் பார்க்க வேண்டும் என்று சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். பஸ்ஸில் வந்தோம். எஸ்டேட்டுக்குக் கொஞ்சம் கீழே ரோட்டில் யானை நின்றது, பஸ் விளக்கை அணைத்துவிட்டுக் காத்திருந்தது. பஸ்ஸில் ஒருவர்கூட முணுமுணுக்கவில்லை. யானைக்காக எல்லாரும் நிற்கிறார்கள் பார்த்தாயா என்றேன் அக்காவிடம்.

வீட்டில் அண்டா கழுவிக் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது. பக்கத்து வீட்டுக்காரி அன்று அக்காவின் கடையில் நின்று, மீந்த கிழங்கை விற்று, காசைத் துணியில் முடிந்து அரிசிப் பானைக்குள் வைத்திருந்தாள். அதுவும் நிரை பிடிப்பதுதான். ஆள் விழுந்தாலும் வேலை நிற்காத அந்த வழக்கத்தைத்தான் நான் நான்கு நாளாக மனசுக்குள் திட்டிக்கொண்டிருந்தேன். அவளுக்கு மீதி மாசியைக் கொடுத்தேன்.

வெள்ளிக்கிழமை கந்தசாமியும் டீம் மேனேஜரும் வந்தார்கள். ஹார்லிக்ஸ், ஆரஞ்சு, ஆப்பிள். கந்தசாமி சேகரின் தலையைத் தடவினார். தம்பி கண் முழிக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டதாகச் சொன்னார், வேண்டியிருப்பார். பழமெல்லாம் வைத்துவிட்டு, மேனேஜரைப் பார்த்தார். மேனேஜர் சுவரைப் பார்த்தார். கடைசியில் கந்தசாமியே சொன்னார்.

"ஆட்டம் நின்ன எடத்துல இருந்துதானுங்க தொடங்கணும். அதே டீமு, அதே ஜெர்சி. எதிர்டீம்காரங்க ஒண்ணு மாறுனாலும் ஒத்துக்க மாட்டேங்கறாங்க. அந்த ஏழாவது ஜெர்சி இங்கதான இருக்குதுங்க?"

எனக்கு ரத்தம் கொதித்தது. வாயைத் திறந்தேன். அதற்குள் கட்டிலிலிருந்து சேகர், "குடுத்துருங்கம்மா. அவங்க ஆடணும்ல" என்றான். கூலிக்கு ஆடுகிறவன் அவன். ஆட்டம் முடியாவிட்டால் மற்ற ஆறு பேருக்கும் கூலி இல்லை என்பது அவனுக்குத் தெரியும்.

அக்கா பிளாஸ்டிக் பையை எடுத்துவந்து பிரித்தாள். ஜெர்சி இரண்டாகத் திறந்து கிடந்தது. மேனேஜர் பார்த்துவிட்டு, தைத்துத்தான் ஆக வேண்டும் என்றார். சின்னம்மா தையற்காரிதானே என்று யாரோ சொல்லியிருக்க வேண்டும், என்னைப் பார்த்தார். உண்மையைச் சொன்னால், என் கை அப்போதே ஊசிப்பெட்டிக்குப் போய்விட்டது. கிழிந்த துணியைக் கண்டால் சும்மா இருக்க முடியாத கை. நூலைக்கூடக் கோத்துவிட்டேன்.

அக்கா என் கையைப் பிடித்தாள். "ஊசிய வையி."

பிறகு ஜெர்சியை மடித்தாள், நன்றாக, இஸ்திரி போட்டதுபோல. கந்தசாமியின் கையில் கொடுத்தாள்.

"நின்ன எடத்துல இருந்துதான தொடங்கணும்? சட்டையும் நின்ன மாதிரியேதான் இருக்கு. கொண்டு போங்க."

அவர் கும்பிடப் பார்த்தார், கையில் ஜெர்சி இருந்ததால் முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை போக மாட்டேன் என்றுதான் இருந்தேன். சேகர்தான் போய்ப் பார்த்துவிட்டு வந்து சொல்லுங்கள் சின்னம்மா என்றான். பாதி டிக்கெட்டை நீட்டினேன், செல்லுபடியானது. கூட்டம் போன வாரத்தைவிட அதிகம். பரோட்டாக் கல் கூடுதலாக ஒன்று போட்டிருந்தார்கள். அக்கா கடை போட்ட இடத்தில் மட்டும் யாரும் கடை போடவில்லை. மைதானத்தில் சுண்ணாம்பு வட்டம் பனியில் கரைந்திருந்ததால் புதிதாகப் போட்டிருந்தார்கள். ரோட்டில் அதே மாதிரி முன்னும் பின்னும் ஜீப்புகள்.

அன்வர் வந்தான். ஜெர்சியின் வெட்டை வரிசையாக ஊக்குகளால் பிடித்திருந்தான். கழுத்துக்கு ஒன்று, நெஞ்சுக்கு ஒன்று என்று. நடக்கும்போது இடைவெளியில் மார்பு தெரிந்தது. ரெப்ரி அவனைப் பார்த்தார், எதிர்டீமைப் பார்த்தார். யாரும் எதுவும் சொல்லவில்லை, அவர்கள் கேட்ட அதே ஜெர்சிதான். கேலரியில் ஒருவன் சிரித்தான். அவனோடு யாரும் சேரவில்லை.

வட்டத்துக்குள் பந்தைப் போட்டார்கள். இரண்டு பக்கமும் ஒவ்வொருவன் நின்றான். உதைக்க வேண்டியதுதான். இரண்டு பேரும் அந்த வட்டத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். மைக்கில்கூடப் பேச்சு இல்லை. இவர்கள் ஆடமாட்டார்கள் என்று ஒரு நிமிடம் நான் நம்பிவிட்டேன். பிறகு யாரோ உதைத்தார்கள், கேலரி கத்தியது, ஆட்டம் ஆட்டமாகிவிட்டது.

அன்வரின் முதல் ஓட்டத்திலேயே ஊக்குகள் தெறித்தன. அதற்குப் பிறகு ஜெர்சி இரண்டு பக்கமும் பறக்க, திறந்த நெஞ்சோடுதான் ஆடினான். நிறுத்திச் சரிசெய்யவும் இல்லை, கழற்றவும் இல்லை. என்னால் அந்த நெஞ்சைத் தவிர வேறெதையும் பார்க்க முடியவில்லை. சேகரின் டீம் தோற்றது. பரிசு கொடுக்கும்போது கந்தசாமி சேகர் குணமாக எல்லாரும் கைதட்டுங்கள் என்றார், தட்டினார்கள்.

நான் போய்ச் சொல்வதற்குள் சேகருக்குத் தெரிந்துவிட்டது. மைக் சத்தம் லைன் வரை கேட்கும். யார் கோல் போட்டது, எப்படிப் போட்டது என்று மட்டும் கேட்டான். எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன்.

இருட்டுவதற்கு முன் அன்வர் ஏறி வந்தான். உடம்பில் மைதானத்து மண் அப்படியே. வாசலில் நின்றபடி ஜெர்சியை அக்காவிடம் நீட்டினான். மேனேஜர் கேட்டாராம், கொடுக்கவில்லையாம். "அன்னைக்கு இத ஊரும்போழ் ஞானும் பக்கத்துல நின்னுட்டேன் உம்மா" என்றான். சேகர் மேலிருந்து அதை உருவியதைத்தான் சொன்னான். அக்கா அவனுக்குப் பால் இல்லாத சாயத் தண்ணீர் கொடுத்தாள். அவர்கள் கட்டன் என்பார்கள், நாங்கள் பிளேன்டீ என்போம். குடித்துவிட்டு, உள்ளே எட்டிப் பார்த்து, சேகரின் காலைத் தொட்டுவிட்டு இறங்கிப் போனான். மறுநாள் மஞ்சேரிப் பக்கம் அவனுக்கு ஆட்டம் இருந்தது.

அக்கா ஜெர்சியைத் துவைக்கவில்லை. அப்படியே என் மடியில் போட்டாள்.

"ஆட்டம் முடிஞ்சிருச்சில்ல. இப்பத் தையி."

விளக்குக்குக் கீழே உட்கார்ந்து கையாலேயே தைத்தேன். வெட்டு நேராக இருந்ததால் சுலபம். அக்குளில் விட்டிருந்த தையலையும் இரட்டையாகப் போட்டுக் கொடுத்தேன். சேகர் அதைப் போட்டுக்கொண்டான். சரியாக இருக்கிறதா சின்னம்மா என்று கேட்டு வாசல் வரை நடந்தான். கீழே மைதானத்தில் கேலரியைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள். அவன் வாசற்படியில் இறங்கப் போனான், பிறகு கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு அங்கேயே நின்றான்.